விட்டுப்போன வரி

பழைய கார் வைத்திருப்பவர்கள் கம்பெனி போட்ட சர்வீஸ் மேனுவலை அவசியம் வாங்கி வைத்துக்கொள்ள வேண்டும். வண்டியின் ஜாதகமே அதில் இருக்கிறது. இருசப்பனின் மேனுவல் என் பட்டறைக்கு எப்படி வந்தது என்று கேட்டீர்கள், இன்ஸ்பெக்டர் ஐயா. சொல்கிறேன்.

எழுபத்தெட்டில் அவன் செங்கம் ரோட்டில் எனக்கு எதிரே பட்டறை போட்டான். ஆசிரமத்தில் தங்கியிருந்த வெள்ளைக்காரர் ஒருவர் தன் பழைய மோரிஸ் காரை டாக்சிக்கார தருமனுக்கு விற்றார். மேனுவலை, அந்த வண்டியைப் பழுது பார்த்துவந்த இருசப்பனிடம் கொடுத்துவிட்டுப் போனார். அவன் அதற்குக் குங்குமம் வைத்தான். இங்கிலீஷ்தான் வராது.

“நீங்க படிச்சு சொன்னா போதும்ணே” என்று என்னிடம் வருவான். நான் படிப்பேன், அவன் செய்வான், ஊர் அவனைப் புகழும். என் வாடிக்கையெல்லாம் ரோட்டைத் தாண்டிப் போனது. எனக்கு வருத்தமே இல்லை. படிப்பு பிறருக்குப் பயன்படத்தானே?

ஒருநாள் மோரிஸுக்கு முன்சக்கர பேரிங் மாற்ற வேண்டியிருந்தது. நட்டை நன்றாக இறுக்கி, பிறகு சற்றே தளர்த்தவும் என்று போட்டிருந்தது. தளர்த்தாவிட்டால் பேரிங் சூடேறி, சக்கரமே கழன்றுவிடும். இறுக்குவது வரை படித்தேன். அதற்குமேல் தொண்டை கட்டிக்கொண்டது.

“எப்பவும் கொஞ்சம் லூஸ் பண்ணுவேனேண்ணே?”

“கம்பெனிக்காரனைவிட உனக்கு ஜாஸ்தி தெரியுமா?”

வெட்கப்பட்டுச் சிரித்தான். இறுக்கினான்.

மறுநாள் அந்த வண்டியில் அவன் மனைவி கஸ்தூரி கீழ்பென்னாத்தூரில் இருக்கும் அம்மா வீட்டுக்குக் கிளம்பினாள். ஏழு மாதம். “போய்ட்டு வரேங்கண்ணே” என்றாள். “பத்திரமா போய்ட்டு வாம்மா” என்றேன். நான் மரியாதை தெரியாதவன் இல்லை.

பாதி வழியில் சக்கரம் கழன்று, வண்டி புளியமரத்தில் மோதியது. தருமனும் போனான், அவளும் போனாள்.

காரியம் முடிந்ததும் இருசப்பன் மேனுவலோடு வந்தான். “அந்தப் பக்கத்த இன்னொரு தபா படிங்கண்ணே.”

படித்தேன். தளர்த்தும் வரியையும் சேர்த்து.

அந்தப் பக்கத்தின் மேல் விரலை ஓட்டினான். “நான்தான் சரியா கேக்காம போய்ட்டேன்” என்றான்.

“கவனம் வேணும்பா” என்றேன்.

புத்தகத்தை என் மேஜையிலேயே வைத்துவிட்டுப் போனான். விடிந்ததும் அவனைக் கிணற்றிலிருந்து எடுத்தார்கள்.

மூன்று பேரை, வயிற்றில் இருந்ததோடு நாலு பேரைக் கொன்றேன் என்று எழுதுங்கள். கையெழுத்துப் போடுகிறேன். ஆனால் அவன் இரண்டாம் தடவை கேட்டபோது ஒரு வார்த்தை விடாமல் நேர்மையாகப் படித்தேனே, அதையும் சேர்த்து எழுதுங்கள்.