லிண்டா தானாகப் போகவில்லை

பேதுரு: "1986 மார்ச் 5, புதன். இன்று மாலை வகுப்பில் ஒரு சிறு பிழை விட்டேன். லிண்டா குழுவை விட்டுப் போனாள் என்று சொல்லிவிட்டேன். உண்மையில்..."

அருள்மலர்: அண்ணை! என்ர கொப்பியை வையுங்கோ!

பேதுரு: குசினி மேசையில விரிச்சுப் போட்டால் வாசிக்கத்தானே செய்வன்? ஆரடி இந்த லிண்டா?

அருள்மலர்: இங்கிலாந்துக்காரி. நியூ வேவ் எண்ட புதுப்பாணிப் பாட்டுக் குழு ஒண்டில ட்ரம்ஸ் அடிக்கிறவ. டெனிஷ் மொழி வகுப்பில ஒரு ஆளின்ர தொழிலைப் பற்றி அஞ்சு நிமிஷம் கதைக்கச் சொன்னவை.

பேதுரு: ஒரு தாதி, ஒரு ரீச்சர்... ஒருத்தரும் கிடைக்கேல்லையோ? அந்த அகப்பையைத் தா, கறி அடிப்பிடிக்குது.

அருள்மலர்: கரண்டியால கிண்டுங்கோ.

பேதுரு: கை சுடுதடி. ரெண்டு அகப்பை இருந்தது... சரி, சொல்லு. உண்மையில் என்னவாம்?

அருள்மலர்: அவ போகேல்லை. கலைச்சவை. முதல் இசைத்தட்டு நல்லா ஓடினது. ரெண்டாவதுக்குத் தானாத் தாளம் போடுற ட்ரம்ஸ் மெஷின் வாங்கிப்போட்டு, இனி நீ தேவையில்லை எண்டிட்டினம்.

பேதுரு: மெஷின் சாப்பாடு கேக்காதெல்லோ.

அருள்மலர்: பகிடி விடாதேங்கோ. அவ திரும்பவும் பழைய பிஸ்கட் பக்டரி வேலைக்குப் போனவ. ஆனா ஒரு வருஷமா அந்த மெஷின்ர அடியோட சேர்ந்து அடிச்சுப் பழகினவ. பிறகு தானே போய், "மெஷினையும் போடுங்கோ, நானும் அடிக்கிறன், கேளுங்கோ" எண்டவ. மூண்டாவது தட்டில ரெண்டு பேரும்தான்.

பேதுரு: அதுக்கு உனக்கேன் இவ்வளவு ரோசம்?

அருள்மலர்: போயிட்டா எண்டு சொன்னது அநியாயம். நாளைக்கு ரீச்சரிட்ட திருத்திச் சொல்லவேணும்.

பேதுரு: நாளைக்கு வியாழன். உனக்கு வகுப்பில்லை.

அருள்மலர்: தெரியும். அது ஒரு சாட்டுத்தான்.

பேதுரு: என்னத்துக்குச் சாட்டு, மலர்?

அருள்மலர்: வகுப்புக்குப் பக்கத்து அறையில பாட்டுக் குழு ஒண்டு பழகுது. ட்ரம்ஸ்காரன் ஒடென்சே நகரத்துக்குப் போட்டான். நாளைக்குள்ள ஆள் கிடைக்காட்டி மெஷின்தானாம். நான் போய்க் கேட்டன். நாளைக்கு ஏழு மணிக்கு வந்து ஒரு முழுப் பாட்டு அடிச்சுக் காட்டட்டாம்.

பேதுரு: நீ எங்க பழகினனி?

அருள்மலர்: கீழ... நிலவறையில. உடுப்புத் தோய்க்கிற மெஷின் ஒரே சீரா ஓடும். அதோட சேர்ந்து, வாளியைக் கவிட்டு வைச்சு... அகப்பைக் காம்பால.

பேதுரு: அதுதான் குசினியில அகப்பை ரெண்டும் இல்லையோ?

அருள்மலர்: முழுப் பாட்டை முப்பத்தெட்டுத் தரம் அடிச்சுப் பாத்தன். பிழையில்லாமல் அடிச்சது நாலே நாலு தரம். எல்லாம் கொப்பியில இருக்கு.

பேதுரு: நாலு தரமோ...

அருள்மலர்: காணாது எண்டு தெரியும். தேவாலயச் சபையில என்ன கதைப்பினம் எண்டும் தெரியும். ஏசுவியள் எண்டுதான் சொல்லேல்லை. ஆனா நான் போகத்தான் போறன், அண்ணை.

பேதுரு: மேல்வீட்டு மனுசி மூண்டு தரம் வந்து கேட்டவ, கீழ என்ன சத்தமெண்டு.

அருள்மலர்: ஐயோ! என்ன சொன்னியள்?

பேதுரு: உடுப்புத் தோய்க்கிற மெஷின் பழுது, அதுதான் இடிக்குது எண்டன். தை மாசத்திலயிருந்து அதையேதான் சொல்லுறன். பேனையை எடு, எழுது. "நாளை வியாழன். கடை பூட்டுமுன் இரண்டு அகப்பை வாங்க வேண்டும். ஏழு மணிக்குச் சோதனை. அண்ணன் கூட்டிப்போவான்."