படத்துக்கு ஏற்ற சுவர்

முகத்தைப் படம் எடுப்பதைவிடச் சுவரைப் படம் எடுப்பது சுலபம். சுவர் கண்ணைச் சிமிட்டாது, ‘இன்னும் கொஞ்சம் இளமையா எடுங்க’ என்று கேட்காது. ஸ்டூடியோ வைத்திருப்பவன் சொல்கிறேன், நம்பலாம். விளக்கை நேராக வைத்தால் எந்தச் சுவரும் நல்ல சுவர்தான். பக்கவாட்டில் வைத்தால் மயிரிழை விரிசல்கூடக் கை நுழைகிற பிளவாகத் தெரியும்.

அந்த வித்தையைத்தான் சித்தி வீட்டின் பின்சுவரில் காட்டினேன். காரணம் இருந்தது ஐயா. சித்திக்குப் பிள்ளை இல்லை. சித்தப்பா போன பிறகு வீட்டை எனக்கே விற்றாள், அதுவும் அடிமாட்டு விலைக்கு. “உனக்குத் தராம வேற யாருக்குடா தரப்போறேன்” என்றாள். பின்னறை மட்டும் அவள் கண்மூடும்வரை அவளுக்கு என்று பத்திரத்தில் எழுதினோம். பதிவு அலுவலகத்துக்குப் பாசமெல்லாம் கணக்கில் வராது. கடைவீதிக்கும் எங்கள் சந்துக்கும் ஒரே மதிப்பைப் போட்டு, அதற்கு முத்திரைத் தீர்வை கட்டச் சொன்னார்கள். எனக்கு வயிறு எரிந்தது. மேல்முறையீடு செய்தேன், வீடு இடியும் நிலையில் இருக்கிறது என்பதற்கு அந்தப் படங்களையும் சேர்த்துக் கொடுத்தேன். அதற்கு எனக்கு உரிமை உண்டு.

விசாரணையில் அதிகாரி என் படங்களைச் சீட்டுக்கட்டு மாதிரி மேசையில் விரித்தார்.

“நல்லா எடுத்திருக்கீங்க. என் கல்யாணப் படத்துலயும் என்னை எனக்கே அடையாளம் தெரியல. நேர்ல வந்து பார்த்துக்கறேன்.”

அறையில் இருந்தவர்கள் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். ஆனால் திரும்பும் வழியெல்லாம் அதே யோசனை. பொய்ப்படம் என்று ஆகிவிட்டால் வழக்கும் போச்சு, தொழிலில் சம்பாதித்த பேரும் போச்சு. படத்தை இனி மாற்ற முடியாது, கொடுத்தாகிவிட்டது. சுவரை மாற்றலாம்.

கொத்தனாரைக் கூப்பிட்டுப் படத்தை நீட்டி, இதே மாதிரி வேண்டும் என்றேன். படத்தைப் பார்த்து வீடு கட்டிப் பழகியவர், இடித்துப் பழக்கமில்லை. தலையைச் சொறிந்துகொண்டே செங்கல் இடுக்குகளில் இருந்த காரையைச் சுரண்டி எடுத்தார். சுவருக்கு வைத்தியம் நடக்கிறது என்று சித்தியிடம் சொல்லிவைத்தேன். வேலை முடிந்ததும், அறைக்குள்ளே அவள் கட்டிலை ஒட்டி ஒரு கட்டையைச் சாய்த்து முட்டுக் கொடுத்தார்.

“ஆபீசர் பார்க்கிற நேரத்துக்கு மட்டும் எடுங்க. அவர் தெருமுனை தாண்டினதும் திரும்ப வச்சிடுங்க. அம்மா இங்கதானே படுக்கறாங்க,” என்றார்.

சித்தியை முன்னறைக்கு மாற்றியிருக்கலாம். ஆனால் உரிமையோடு ஒருத்தர் குடியிருக்கும் வீட்டை யாரும் நல்ல விலைக்கு வாங்க மாட்டார்கள் என்பதும் என் வாதங்களில் ஒன்று. பின்னறை காலியாகத் தெரிந்தால் அந்த வாதம் படுத்துவிடும். விவரத்தைச் சொன்னபோது சித்திக்குப் பெருமைதான், கடைசியில் தானும் எதற்கோ உதவுகிறோம் என்று. அதிகாரி வந்த அன்று தலைவாரி, துவைத்த துணி உடுத்தி, கட்டிலில் நிமிர்ந்து உட்கார்ந்திருந்தாள். “எங்க பையனுக்குப் பார்த்துப் போடுங்க” என்று சிபாரிசு வேறு.

அதிகாரி விரிசலுக்குள் விரலை விட்டுப் பார்த்தார். படமும் சுவரும் அச்சு அசலாக ஒன்றாக இருந்தன. அந்த நேரத்தில் எனக்கு வந்த சந்தோஷத்தை இப்போது சொல்ல வெட்கமாக இருக்கிறது.

கட்டையைத் திரும்ப வைக்க மறந்துவிட்டேன் என்று நேற்று ஸ்டேஷனில் உங்களிடம் சொன்னேன். மறக்கவில்லை. அது கொல்லையில்தான் கிடந்தது, தினமும் அதைத் தாண்டித்தான் போனேன். அதிகாரி மறுபடி பார்க்க வரலாம் என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன். மழை பிடித்தது. சுவர் ஊறியது. ஒரு நாள் சாயங்காலம் சித்தி கேட்டாள்.

“சுவர் முனகுதுடா. அந்தக் கட்டைய வச்சிடேன். இல்லேன்னா நான் முன்னாடி வந்து படுத்துக்கறேன்.”

“ஆபீசர் திரும்ப வருவாரு சித்தி. உத்தரவு வர்ற வரைக்கும் பொறுத்துக்கோ.”

“சரிப்பா. என்னால உனக்கு நஷ்டம் வேணாம்.” தலையணையைத் தட்டிப் போட்டுக்கொண்டாள்.

விடிவதற்குள் சுவர் அவள்மேல் விழுந்துவிட்டது. மழை என்றார்கள், பழைய வீடு என்றார்கள். நான் அழுதேன், அது நடிப்பில்லை, என்னைத் தோளில் சுமந்து வளர்த்தவள் அவள். அதிகாரிகூட வந்து என் கையைப் பிடித்துக்கொண்டு, தான் அன்றே எச்சரித்திருக்க வேண்டும் என்று வருந்தினார். அவர் மேல் குற்றம் இல்லை, எழுதிக்கொள்ளுங்கள். கொத்தனார் மேலும் இல்லை.

முன்னறைக்கு வரட்டுமா என்று சித்தி கேட்டாளே, அப்போது மதிப்பைக் குறைத்த உத்தரவு என் சட்டைப் பையில் இருந்தது. அன்று காலையில்தான் வாங்கி வந்திருந்தேன். அதிகாரி இனி வரப்போவதில்லை என்று எனக்குத் தெரியும். வரும் வழியில், பின்னறையும் காலியாகிவிட்டால் வீடு என்ன விலை போகும் என்று மனசுக்குள் கணக்குப் போட்டுப் பார்த்தேன். ஒரே ஒரு தடவைதான் ஐயா.