குடைராட்டினத்தின் புதுக் குதிரை

தச்சரம்மா: சீல் வச்ச ராட்டினத்துல உக்காரக் கூடாதுன்னு நீங்கதானே சொன்னீங்க, அமீனா சார்?

அமீனா: மத்தவங்க உக்காரக் கூடாது. நான் கோர்ட் ஆளு. ராட்டினக்காரர் பட்ட கடனுக்கு நாளைக்கு ஏலம். எல்லாம் சரியா இருக்கான்னு பாக்கறேன்.

தச்சரம்மா: குதிரை மேல ஏறியா?

அமீனா: மூட்டு ஆடுதான்னு தெரியணும்ல... அய்யய்யோ, சுத்துது! யாரு தள்ளினது?

தச்சரம்மா: யாரும் இல்ல, காத்துதான். பன்னிரண்டு குதிரையும் எடைக்கு எடை சமமா நிக்குது. அதனால லேசா ஊதினாலே நகரும். ஒண்ணைக் கழட்டிப் பாருங்க, ஒரு பக்கம் சாஞ்சு அப்படியே நின்னுடும்.

அமீனா: மேல தூக்குதே... இது எப்படி?

தச்சரம்மா: தலைக்கு மேல வளைஞ்ச கம்பி தெரியுதா? அது உருள உருள குதிரை ஏறும், இறங்கும். நீங்க மேல போறப்போ எதிர்ல ஒண்ணு கீழ போகும்.

அமீனா: தூக்கத்துல மூச்சு விடற மாதிரி இருக்கு...

தச்சரம்மா: நடுவுல கண்ணாடியைப் பாருங்க. இந்தப் பனிக்குள்ள எத்தனை அமீனா போறாங்க!

அமீனா: ஒருத்தனுக்கே சம்பளம் பத்தல. சரி... விஷயத்துக்கு வரேன். இந்தக் குதிரை உங்களோடதுதானே?

தச்சரம்மா: யாரு சொன்னா?

அமீனா: குதிரையே சொல்லுது. மத்த பதினொண்ணுலயும் பிள்ளைங்க உக்காந்து உக்காந்து சேணம் வழுக்கையாப் போச்சு. இதுல பிரஷ் கோடு கூட அழியல. பிடரியை இழை இழையாச் செதுக்க உங்களை விட்டா ஆள் ஏது?

தச்சரம்மா: ஐஸ் வைக்காதீங்க. ஏற்கெனவே குளிருது.

அமீனா: ராட்டினக்காரர் இதை விலைக்கு வாங்கினாரா?

தச்சரம்மா: இல்ல... ஒரு குதிரை உளுத்துப் போச்சு. இடம் காலியா இருந்தா ஓடாதேன்னு இதை இரவல் தந்தேன்.

அமீனா: இரவல்! அப்போ கேளுங்க. கோர்ட் விக்கறது கடன்பட்டவர் பொருளை மட்டும்தான். நடுவுல அடுத்தவங்க பொருள் மாட்டிக்கிட்டா, அவங்க ஏலத்துக்கு முன்னாடி ‘இது என்னோடது’ன்னு ஒரு மனு போடலாம். ஜட்ஜ் விசாரிப்பார். உங்களோடதுன்னு நிரூபிச்சா கையில கொடுத்துடுவாங்க. இன்னைக்கே போடுங்க.

தச்சரம்மா: வேண்டாம் சார்.

அமீனா: புரியலையா? இன்னொரு தடவை சொல்லட்டுமா?

தச்சரம்மா: நல்லாப் புரிஞ்சுது. வேண்டாம்.

அமீனா: ஒரு மழைக்காலம் பூரா செதுக்கியிருப்பீங்களே...

தச்சரம்மா: ரெண்டு. நான் செஞ்சதுலயே நல்ல குதிரை இதுதான்.

அமீனா: கண்ணு முன்னாடி எவனோ ஓட்டிட்டுப் போவான். ராட்டினக்காரர் உங்களுக்கு என்ன, சொந்தமா?

தச்சரம்மா: சண்டைக்காரர். காது பெருசாப் போச்சுன்னு இதுக்கே என்கூட நாள் பூரா மல்லுக்கு நின்னார்.

அமீனா: பின்ன என்னம்மா வீம்பு?

தச்சரம்மா: மனு போட்டா ஜட்ஜ் என்னென்ன கேப்பார்?

அமீனா: எப்போ கொடுத்தீங்க, எதுக்குக் கொடுத்தீங்க...

தச்சரம்மா: உளுத்துப் போன குதிரை எங்கேன்னு?

அமீனா: ...கேப்பார்.

தச்சரம்மா: அதான்.

அமீனா: அப்படி என்னம்மா இருக்கு அந்தப் பழைய குதிரையில?

தச்சரம்மா: ராட்டினக்காரர் தன் கையால செதுக்கின முதல் குதிரை சார். ஒரு கண்ணு மேல, ஒரு கண்ணு கீழ. ஏலத்துல விறகுன்னு தூக்கிப் போட்டுடுவாங்க. என்னோடது நல்ல விலைக்குப் போகும், கடன் கொடுத்தவருக்கும் நட்டமில்ல. சாயங்காலம் ஆனா என் பட்டறைக்கு வந்து அது பக்கத்துல சும்மா உக்காந்திருப்பார்... அதையும் எடுத்துட்டுப் போவீங்களா?

அமீனா: உங்க உரிமையை உங்ககிட்ட சொல்லாம விட்டா எனக்குத் தூக்கம் வராது, சொல்லிட்டேன். ராட்டினத்துல இருக்கிற பன்னிரண்டு குதிரைன்னுதான் உத்தரவு, எண்ணிட்டேன். அப்புறம்... பட்டறைக் கதவுக்கு ஒரு பூட்டு போடுங்கம்மா. சும்மா சாத்தியிருந்துச்சு. உள்ள போய் அது மேலயும் உக்காந்து பாத்துட்டுதான் இங்க வந்தேன்.