எந்தக் கட்சிச் சீட்டு வேண்டும்?

ஆகஸ்ட் மாதத்தில் எங்கள் கவுண்டியில் யாரும் வாக்களிக்க வருவதில்லை. வெயில் என்பார்கள், வைக்கோல் கட்டும் வேலை என்பார்கள், விவசாயக் கண்காட்சிக்குப் பன்றியைக் குளிப்பாட்ட வேண்டும் என்பார்கள். அதே ஆட்கள் நவம்பரில் கை விறைக்கும் குளிரில் வரிசையில் நிற்பார்கள். ஜனாதிபதியைத் தேர்ந்தெடுக்கிறார்களாம். அவர் ஒருநாளும் இவர்கள் வீட்டுக் கதவைத் தட்டப் போவதில்லை. தட்டப் போகிற, ஜெயில் சாவியைக் கையில் வைத்திருக்கிற ஷெரீஃபை, கட்சிகள் தங்கள் வேட்பாளரைப் பொறுக்கும் ஆகஸ்ட் தேர்தலிலேயே நூற்றில் இருபது பேர் கூடி முடிவு செய்துவிட்டிருப்பார்கள். பல வருடமாக இதைப் பார்த்துச் சலித்துப் போனவன் நான்.

காபி ஆறுகிறது, குடியுங்கள். இந்த நீதிமன்றக் கட்டடத்தில் இதைவிட நல்ல காபி கிடைக்காது. மாநிலத் தலைநகரிலிருந்து விசாரணைக்கென்று இவ்வளவு தூரம் காரோட்டி வந்திருக்கிறீர்கள். நீங்கள் கேட்டதற்கெல்லாம் பதில் சொல்கிறேன். ஆனால் என் வரிசையில் சொல்ல விடுங்கள்.

டோபின் கவுண்டியின் கிளார்க் என்றால் யாரோ கோப்பு தூக்குகிறவன் என்று வெளியூர்க்காரர்கள் நினைக்கிறார்கள். தேர்தலை நடத்துவதே நான்தான். சாவடி எங்கே, மேஜையில் யார் உட்காருவது, வாக்குச்சீட்டு எத்தனை அச்சடிப்பது, எல்லாம் என் பொறுப்பு. ஹார்லன் டிரிஸ்கெல் எண்ணிய பெட்டியை மறுபடி எண்ண வேண்டியதில்லை என்று இரண்டு கட்சிக்காரர்களும் சொல்வார்கள். இத்தனை வருடத்தில் ஒரு வாக்குகூட என் கையில் காணாமல் போனதில்லை. அதை முதலில் எழுதிக்கொள்ளுங்கள்.

எங்கள் கவுண்டியில் மேட்டுக்காரர்கள், ஆற்றங்கரைக்காரர்கள் என்று இரண்டு சாதி. மேட்டில் சோயாபீன் விளைகிறது, எல்லோரும் குடியரசுக் கட்சி. ஆற்றங்கரையில் சிமென்ட் ஆலைக் குடும்பங்கள், தாத்தா காலத்திலிருந்து தொழிற்சங்கம், எல்லோரும் ஜனநாயகக் கட்சி. ஷெரீஃப் பதவிக்கு நிற்கிறவர்கள் எல்லோரும் மேட்டுக்காரர்களே. அதனால் உண்மையான போட்டி ஆகஸ்டில், குடியரசுக் கட்சியின் சீட்டில் மட்டும் இருக்கும். நவம்பரில் அங்கே ஜெயித்தவரின் பெயர் ஒன்றுதான் மிஞ்சும். மிசூரியில் ஆகஸ்ட் வாக்காளர் எந்தக் கட்சியின் சீட்டையும் கேட்டு வாங்கலாம், ஏதாவது ஒன்று. சட்டத்துக்கு அதில் ஆட்சேபணை இல்லை. ஆற்றங்கரைக்காரர்களுக்குத்தான் ஆட்சேபணை. அந்தச் சீட்டைக் கேட்பது அவர்களுக்கு மதம் மாறுவது போல. ஆகவே ஷெரீஃப் விஷயத்தில் அவர்களுக்கு வாக்கு என்று ஒன்று இருந்ததே இல்லை. அதை யாரும் பறிக்கவில்லை. அவர்களாகவே மடித்து உள்ளே வைத்துவிட்டார்கள்.

இனி ஜோயல் பிகெட். ஆற்றங்கரை நெட்ரா பிகெட்டின் ஒரே மகன், இருபத்திரண்டு வயது, சின்ன வயதிலிருந்து இன்சுலின் போட்டுக்கொள்கிறவன். வேகமாக ஓட்டியதற்கான அபராதத்தைக் கட்டவில்லை என்று ஒரு வெள்ளிக்கிழமை பிடித்து வந்தார்கள். ஞாயிறு மாலை கவுண்டி ஜெயிலில் இறந்துபோனான். அவனுடைய இன்சுலின் அவன் காரில் இருந்தது. கார் ஜெயிலுக்குப் பின்னால்தான் நின்றது. அன்று பகல் அங்கே காவல் பணியில் இருந்தது என் மகன் டேரன், தனியாக. இதயம் நின்றுபோனதால் மரணம் என்று ஷெரீஃப் கார்ல் ஸ்ட்ரூப் எழுதி முடித்தார். பொய்யில்லை. எல்லோருக்கும் கடைசியில் இதயம்தான் நிற்கிறது.

நெட்ரா ஏறி இறங்காத படி இல்லை. வக்கீல்கள் கையை விரித்தார்கள். அப்புறம் லோயிட் ஏமிக் வந்தார். ஸ்ட்ரூப்பின் கீழ் வேலை பார்த்து, சண்டை போட்டுக்கொண்டு வெளியேறியவர். ஸ்ட்ரூப்பை எதிர்த்து நிற்கிறேன், ஜெயித்தால் முதல் நாளே ஜெயிலின் பதிவுகள் எல்லாவற்றையும் மாநிலத்திடம் ஒப்படைப்பேன் என்றார். நெட்ராவுக்கு அது போதுமானதாக இருந்தது.

மே மாதம் இந்த அறைக்கு வந்தாள். நீங்கள் உட்கார்ந்திருக்கும் நாற்காலியில்தான் உட்கார்ந்தாள். நானும் அவளும் ஒரே பள்ளியில் படித்தவர்கள்.

"ஹார்லன், ஒண்ணு கேக்கணும். எங்க ஆளுங்க எல்லாரும் இந்த ஒரு தடவ உங்க கட்சிச் சீட்டக் கேட்டா, குடுப்பியா?"

"கேட்டா குடுத்துத்தான் ஆகணும் நெட்ரா. சட்டம் அப்படி."

"நவம்பர்ல பழையபடி எங்க கட்சிக்கே போட்டுக்கலாமா?"

"தாராளமா. நவம்பர்ல யாரும் ஒன்னைக் கேக்க மாட்டாங்க."

கைப்பையின் வாரைத் திருகினாள். "ஒன் டேரன் அன்னிக்கு அங்க இருந்தான்ல. அவன் மேல எனக்குக் கோவம் இல்ல. சின்னப் பையன், அவனுக்கு என்ன தெரியும். எம்புள்ள என்ன கேட்டான், அவனுக்கு யாரு என்ன சொன்னாங்கன்னு தெரிஞ்சாப் போதும்."

எனக்கு அவளைப் பார்க்கப் பாவமாக இருந்தது. காகிதக் கைக்குட்டைப் பெட்டியை அவள் பக்கம் நகர்த்தினேன். அவள் கேட்ட எதற்கும் நான் பொய்யான பதில் சொல்லவில்லை.

அதற்குப் பிறகு கோடை முழுக்க ஆற்றங்கரையில் வீடு வீடாக நடந்தாள். தேவாலய வாசலில் நின்றாள், மீன் வறுவல் விருந்துகளில் தட்டோடு தட்டாகப் போய்ப் பேசினாள். முதலில் முகத்தைத் திருப்பிக்கொண்டவர்கள்கூடக் கடைசியில் சரியென்றார்கள். ஓட்டுப் போடுவது மறைவில்தானே, யாருக்குத் தெரியப் போகிறது என்று அவர்களுக்குள் சமாதானம் சொல்லிக்கொண்டார்கள். அவர்களில் பாதிப் பேர் சொன்னபடி செய்தாலே ஸ்ட்ரூப் தோற்பார். கணக்குப் போட எனக்கு நேரமாகவில்லை.

டேரன் ஒரு ஞாயிற்றுக்கிழமை சாப்பிட வந்தான். பாதி ஆளாக இளைத்திருந்தான்.

"அப்பா, ஏமிக் ஜெயிச்சாத் தேவலப்பா. எல்லாம் வெளிய வரட்டும். என்னால முடியல."

"வெளிய வந்தா நீ உள்ள போவ."

"போறேன். ஜோயலோட அம்மா என்னக் கடையில பாத்தா நல்லா இருக்கியாப்பான்னு கேக்குது. நான் என்ன சொல்ல?"

மேலும் ஏதோ சொல்ல வாயெடுத்தான். நான் உருளைக்கிழங்குக் கிண்ணத்தை அவன் பக்கம் தள்ளினேன். பிள்ளைகளுக்குத் தங்கள் நல்லது தெரியாது. நமக்குத் தெரிந்தால் போதும்.

இப்போது நான் செய்ததற்கு வருகிறேன். நீங்கள் பெட்டியில் தேடினீர்கள், இயந்திரத்தில் தேடினீர்கள், ஒன்றும் கிடைக்கவில்லை. கிடைக்காது. நான் மாற்றியது ஒரே ஓர் ஆளை.

ஆற்றங்கரைச் சாவடி தொழிற்சங்க மண்டபத்தில் இருக்கிறது. மேஜையில் வழக்கமாக ஓய்வுபெற்ற ஆசிரியைகள் இரண்டு பேர் உட்காருவார்கள். ஒருவருக்குக் காது மந்தம், இன்னொருவர் பின்னல் ஊசியிலிருந்து தலையை நிமிர்த்துவதே இல்லை. அவர்களிடம் என்ன சீட்டு கேட்டாலும் பக்கத்தில் நிற்கிறவனுக்குக்கூடத் தெரியாது. அந்த வருடம் அவர்களுக்கு ஓய்வு கொடுத்துவிட்டு டெல்பர்ட் யோக்கத்தைப் பார்க்கப் போனேன்.

டெல்பர்ட் யாரென்று ஆற்றங்கரையில் சொல்லத் தேவையில்லை. ஆலையில் பெரிய வேலைநிறுத்தம் நடந்தபோது சங்கத் தலைவராக இருந்தவர். தன் டிரக்கை விற்று அத்தனை குடும்பங்களுக்கும் சோறு போட்டவர். வேலைநிறுத்தத்தை உடைத்து உள்ளே போனவர்களோடு இன்றுவரை பேசுவதில்லை. அதில் ஒருவர் அவருடைய சொந்தத் தம்பி. நெட்ரா எல்லா வீட்டுக் கதவையும் தட்டினாள், அவர் வீட்டுக் கதவைத் தவிர. அவரிடம் போய் இதைக் கேட்க அவளுக்கே தைரியம் வரவில்லை.

கொட்டகையில் படகு மோட்டாரைப் பிரித்துப் போட்டுக்கொண்டிருந்தார்.

"சாவடியிலயா? எனக்குக் காதும் கேக்குது, கண்ணும் தெரியுது. அந்த வேலைக்கு நான் லாயக்கில்லையே" என்றார்.

"ஒங்க கட்சிக்காரர் ஒருத்தர் மேஜையில இருந்தாகணும். ஒங்களவிட யாரு இருக்கா?"

"மேட்டுக்காரன் வீடு தேடி வந்து மரியாத குடுக்கறான். என்னமோ இருக்கு."

"சீட்டு குடுக்கறப்ப மட்டும் கவனமா இருங்க. எந்தக் கட்சிச் சீட்டுன்னு நீங்க கேக்கணும், அவங்க வாயால சொல்லணும். விதி அதுதான்."

"சொல்லாம? எங்க ஆளுங்க வாய்விட்டே சொல்லுவாங்க" என்றார் பெருமையாக. அவருக்கு ஒன்றும் தெரியாது. அவர் மேல் தப்பில்லை.

தேர்தல் நாளில் நான் அந்த மண்டபத்தின் மூலையில் உட்கார்ந்திருந்தேன். காலையிலிருந்தே வரிசை வெளியே புல்தரைவரை நின்றது. ஆகஸ்டில் அப்படி ஒரு கூட்டத்தை நான் பார்த்ததே இல்லை. நெட்ரா கூட்டி வந்த கூட்டம். அவள் சட்டம் சொல்கிற தூரத்தில், சாலையோர மேப்பிள் மரத்தடியில், எல்லோருக்கும் ஐஸ் டீ ஊற்றிக் கொடுத்துக்கொண்டு நின்றாள்.

முதலில் வந்தது வெஸ் ஹாம்லின். டெல்பர்ட்டோடு மீன் பிடிக்கப் போகிறவன்.

"எந்தக் கட்சிச் சீட்டு வேணும், வெஸ்?"

வெஸ் அவர் முகத்தைப் பார்த்தான். அப்புறம் தன் தொப்பியைப் பார்த்தான். "வழக்கமானதுதான், டெல்பர்ட். வேற என்னத்தக் கேக்கப் போறேன்."

அவனுக்குப் பின்னால் நின்றவர்களும் அதைக் கேட்டார்கள். அதன் பிறகு நான் கவலைப்படவில்லை. ஒவ்வொருவராக வந்தார்கள், ஒவ்வொருவரும் வழக்கமானதையே வாங்கினார்கள். அதில் ஷெரீஃப் என்ற இடத்தில் ஒரு பெயரும் கிடையாது. சில பேர் மட்டும் துணிந்து மற்றச் சீட்டைக் கேட்டார்கள், பெரும்பாலும் கல்யாணமாகி வந்த வெளியூர்ப் பெண்கள். ஓட்டுப் போட்டுவிட்டு வெளியே போன ஆண்கள் மேப்பிள் மரத்துப் பக்கம் திரும்பாமல் நேராகக் கார் நிறுத்துமிடத்துக்குப் போனார்கள். டீ அப்படியே மிஞ்சியது. நெட்ராவுக்கு அப்போதே புரிந்திருக்கும்.

மாலையில் அவளும் உள்ளே வந்தாள். டெல்பர்ட் கேட்டார். எல்லோர் காதிலும் விழும்படி, "குடியரசுக் கட்சிச் சீட்டு" என்றாள்.

டெல்பர்ட்டின் கை சீட்டுக் கட்டின் மேல் நின்றுவிட்டது. "ஒங்கப்பன் இருந்திருந்தா இதக் கேட்டிருக்க மாட்ட, நெட்ரா."

"எம்புள்ள இருந்திருந்தாலும் கேட்டிருக்க மாட்டேன், டெல்பர்ட்."

அவர் சீட்டைக் கொடுத்தார். அதற்கு மேல் அன்று அவர் நிமிர்ந்து உட்காரவில்லை. ஆனால் அப்போது சாவடி மூடும் நேரம்.

ஸ்ட்ரூப் நாற்பத்தோரு வாக்கு வித்தியாசத்தில் ஜெயித்தார். ஆகஸ்டில் இவ்வளவு பேரை வரவழைத்ததற்காகத் தலைநகரிலிருந்து எனக்கு ஒரு பாராட்டு மடல் வந்தது. உங்கள் அலுவலகத்துக்குப் பக்கத்துக் கட்டடத்திலிருந்துதான் என்று நினைக்கிறேன். அதை வாங்கிக்கொள்ள எனக்கு வெட்கமாக இல்லை. எல்லோரும் வந்தார்கள், எல்லோரும் வாக்களித்தார்கள், எல்லா வாக்கும் எண்ணப்பட்டது.

நவம்பரில் வழக்கம்போல ஊரே திரண்டது. ஸ்ட்ரூப்புக்கு எதிரே யாரும் இல்லை. எண்ணும்போது ஆற்றங்கரைச் சீட்டுகளில் ஷெரீஃப் என்ற இடத்தில் நிறையப் பேர் கையால் ஜோயல் பிகெட் என்று எழுதியிருந்ததைப் பார்த்தேன். ஆகஸ்டில் வாயால் சொல்ல முடியாததை நவம்பரில் எழுதியிருக்கிறார்கள். கோணல் மாணலான பெரிய எழுத்தில் ஒன்று இருந்தது. சங்க அறிவிப்புப் பலகையில் நான் பார்த்திருக்கிற எழுத்து, டெல்பர்ட்டுடையது. வேட்பாளராகப் பதியாதவர் பெயர் விதிப்படி செல்லாது. ஒதுக்கி வைத்தேன்.

சரி, அந்தப் போன். ஜோயல் இறந்த ஞாயிற்றுக்கிழமை மதியம் ஜெயிலிலிருந்து என் வீட்டுக்கு ஓர் அழைப்பு வந்ததாகப் போன் கம்பெனி சொல்கிறது என்றீர்கள். வந்தது. நான் டிவியில் பேஸ்பால் பார்த்துக்கொண்டிருந்தேன்.

"அப்பா, இந்தப் பிகெட் பையன் வாந்தியா எடுக்கறான். ஊசி கார்ல இருக்குங்கறான். ஷெரீஃப் ஏரிக்கு மீன் பிடிக்கப் போயிட்டாரு, போனே எடுக்கல. ஆம்புலன்ஸக் கூப்பிடட்டுமா?"

"போன மாசம் ஒரு குடிகாரன ஆஸ்பத்திரிக்கு அனுப்பிட்டு அவர்கிட்ட வாங்கிக் கட்டிக்கிட்டது மறந்துபோச்சா? பில்லு கவுண்டி தலையில விழும். இன்னொரு தடவன்னா வேலைக்கு வராதம்பாரு. அந்த வேலைக்கு நான் எத்தன பேர் கால்ல விழுந்தேன்?"

"நடிக்கற மாதிரி தெரியலப்பா. மூச்சு ஒரு மாதிரி வாங்குது."

"ஆத்தங்கரைப் பசங்களுக்கு அது கைவந்த கலை. ஷெரீஃப் வர்ற வரைக்கும் கதவத் தொறக்காத."

"சரிப்பா" என்றான். சின்ன வயதிலிருந்தே சொன்ன பேச்சைத் தட்டாத பிள்ளை. நான் திரும்பிப் போய் ஆட்டத்தைப் பார்த்தேன். யார் ஜெயித்தார்கள் என்று நினைவில்லை. ஷெரீஃப் வரும்போது இருட்டிவிட்டது.

நெட்ரா தெரிந்துகொள்ள விரும்பியது இவ்வளவுதான். யார் என்ன சொன்னார்கள் என்பது. மே மாதமே இந்த மேஜைக்கு இந்தப் பக்கமிருந்து அவளுக்குச் சொல்லியிருக்கலாம்.

போன வாரம் டேரன் தானாகவே உங்களைத் தேடி வந்ததாகச் சொன்னீர்கள். கதவைத் திறக்க வேண்டாம் என்று தானே முடிவு செய்ததாகவும், யாரையும் கேட்கவில்லை என்றும் கையெழுத்துப் போட்டிருக்கிறான். என் பெயரை அவன் எடுக்கவில்லை. எனக்கு நெஞ்சு நிறைந்துவிட்டது. நன்றாகத்தான் வளர்த்திருக்கிறேன்.

யோசித்துப் பாருங்கள். அவன் இளைஞன், சில வருடம் உள்ளே இருந்தாலும் வெளியே வந்து வாழ வயதிருக்கிறது. எனக்கு அப்படியில்லை. அடுத்த ஆகஸ்டை நடத்த இந்தக் கவுண்டியில் வேறு ஆளும் இல்லை. அவன் சொன்னதும் நான் சொன்னதும் முட்டிக்கொண்டால் உங்களுக்கும் தலைவலிதான். ஆகவே அவன் எழுதிக் கொடுத்தது அப்படியே இருக்கட்டும். அவனைப் பார்க்கும்போது அப்பா கோபமாக இல்லை என்று சொல்லுங்கள். இத்தனையும் நான் அவனுக்காகத்தான் செய்தேன்.