பத்தால் வகுத்தது

— சட்டையைத் தூக்குடா.

— அக்கா! நர்ஸ் வந்து போற இடத்துல ரிட்டையர்டு கணக்கு வாத்தியார்கிட்ட கேக்குற கேள்வியா இது?

— கேள்வி இல்ல, கட்டளை. நாப்பது வருஷமா தையல் கடை வெச்சு இந்த ஊர் தொப்பை அத்தனைக்கும் அளவெடுத்தவ நான். உன் தொப்பையைப் பார்த்தா மயங்கி விழப்போறேன்? தூக்கு.

— இன்னும் அரை மணியில உன்னை ஆபரேஷனுக்கு உள்ள கூட்டிட்டுப் போயிடுவாங்க. படபடக்காம படு.

— படபடப்பெல்லாம் போச்சு. ரெண்டு வாரமா மாத்திரை குடுத்து நெஞ்சைக் கட்டிப் போட்டிருக்காங்க. இப்ப ஜன்னல்ல சிங்கம் எட்டிப் பார்த்தாகூட ‘கழுத்து அளவு என்ன’ன்னுதான் கேப்பேன்.

— ஆக மொத்தம், வாய் மட்டும் குறையல.

— காலையில டாக்டர் வந்து பேனாவால என் வயித்துல கோடு போட்டாரு. கட்டி ஆரஞ்சுப் பழம் சைஸாம், துளை போட்டு எடுக்க முடியாதாம், வெட்டணுமாம். இடது விலாவுக்கு ரெண்டு விரல் கீழ, சாய்வா, ஏழு அங்குலம். பார்த்த உடனே எனக்குத் தூக்கிவாரிப் போட்டுச்சு. இந்த வெட்டை நான் ஏற்கெனவே பார்த்திருக்கேன்டா.

— எங்க?

— உன்மேல. உன் பொண்ணு கல்யாணத்துக்குச் சட்டை தைக்க அளவெடுத்தேனே, அன்னைக்கு. கேட்டதுக்குக் ‘கிட்னியில கல்லு’ன்ன.

— கல்லுதான்...

— கல்லு எடுக்க இப்படியா வெட்டுவாங்கன்னு டாக்டரையே கேட்டுட்டேன். சிரிச்சுட்டாரு. கிட்னி தலைமேல தொப்பி மாதிரி ஒரு சுரப்பி உக்காந்திருக்காம், அட்ரினல். அதுல கட்டி வந்தாதான் இந்தக் கோடாம். லட்சம் பேர்ல ஒருத்தருக்கு வர்ற நோயாம். எனக்குப் பெருமையா இருந்துச்சு, லட்சத்துல ஒருத்தின்னு! கடைசியில பார்த்தா வீட்டுக்குள்ளயே போட்டி.

— அக்கா, அது வந்து...

— எத்தனை வருஷமாச்சு?

— ஏழு. டிரெயினிங்னு சொல்லிட்டு வெளியூர் போனேனே, அப்ப.

— எனக்கு வர ஆரம்பிச்சு ஆறு. தெரியுமில்ல? தையல் மெஷின் நூல் பாபின் கீழ விழுந்து, குனிஞ்சு எடுத்தாப் போதும். தலைக்குள்ள கூட்ஸ் வண்டி ஓடும். வேர்வையைப் பிழிஞ்சா ஊருக்கே தண்ணிப் பஞ்சம் தீரும். மூஞ்சி சுண்ணாம்பாட்டம் வெளுத்துடும். கால் மணி நேரத்துல எல்லாம் மாயம். டாக்டர்கிட்ட போய் உக்காந்தா பிரஷர் சமத்துப் பிள்ளை மாதிரி நிக்கும்.

— நீ இப்படிச் சொன்னா யார் நம்புவா? கூட்ஸ் வண்டி, தண்ணிப் பஞ்சம்...

— நீ நம்பியிருக்கணும். அதே வண்டி உன் தலையிலயும் ஓடுச்சே!

— மெதுவா பேசு அக்கா, நர்ஸ் காதுல விழப்போகுது.

— ஒருநாள் மருந்துக்கடை மெஷின்ல பார்த்து, பிரஷர் இருநூத்தி முப்பதுன்னு ஓடி வந்து சொன்னேன். நீ என்ன சொன்ன?

— விளையாட்டுக்குச் சொன்னது அக்கா.

— ‘அக்கா எதைச் சொன்னாலும் பத்தால வகுத்துக்கணும். இருபத்திமூணு. ஆக மொத்தம், அக்கா செத்து ஒரு வாரமாச்சு’ன்ன. வீடே உருண்டு சிரிச்சுது. நானும்தான் சிரிச்சேன், மடச்சி. அன்னையிலேருந்து உன் பொண்டாட்டி, உன் பொண்ணு, எதிர்வீட்டு வாண்டு வரைக்கும் என்னை வகுத்துக்கிட்டே இருக்கீங்க. கதைன்னா ஊதுவேன்டா, ஒத்துக்கறேன். அளவுல என்னைக்காவது அரை அங்குலம் தப்பு சொல்லியிருக்கேனா?

— இல்ல.

— தெரிஞ்சவன் நீ. தெரியாதவங்களோட சேர்ந்து சிரிச்ச. அதான்டா ஆறல. சில பேருக்கு இது ரத்தத்துலயே வருமாம், கூடப் பொறந்தவங்களைக் கூட்டிட்டு வந்து சோதிக்கணுமாம். உன்கிட்டயும் சொல்லியிருப்பாங்களே?

— லெட்டரே குடுத்தாங்க. பாப்பாவுக்கு அப்ப வரன் பார்த்துக்கிட்டு இருந்தோம். பரம்பரை வியாதின்னு தெரிஞ்சா எவன் கட்டுவான்? கல்யாணம் முடிஞ்சதும் சொல்லலாம்னு இருந்தேன். அப்புறம்... வாய் வரல.

— லெட்டர்ல பிள்ளைங்களையும் சோதிக்கச் சொல்லியிருந்துச்சா?

— இருந்துச்சு.

— பாப்பாவுக்கு இப்ப ஏழாம் மாசம். குனிஞ்சா தலை பிளக்குது, குப்புனு வேர்க்குது, நெஞ்சு அடிச்சுக்குதுங்கறா. நீ என்னன்னு சொல்லி வெச்சிருக்க?

— மாசமா இருந்தா இதெல்லாம் சகஜம்னு...

— அவளுக்கும் இந்தக் கட்டி இருந்து, பிரசவத்தப்போ பிரஷரை ஏத்திவிட்டா தாயும் இல்ல, பிள்ளையும் இல்ல. இதை ஊதிச் சொல்லலடா. டாக்டர் சொன்ன அளவு, அப்படியே சொல்றேன்.

— அக்கா, உன் காலைப் பிடிச்சுக் கேக்குறேன். நான் மறைச்சது தெரிஞ்சா அவ என் மூஞ்சியிலயே முழிக்க மாட்டா. என் பேர் வராம நீயே பக்குவமா சொல்லிடேன்.

— காலையில டாக்டர் கோடு போட்டுட்டுப் போனதுமே போன் போட்டு, உன் தழும்பு வரைக்கும் ஒண்ணுவிடாம சொல்லிட்டேன்.

— ஐயோ! என்ன சொன்னா?

— சிரிச்சா. ‘சரி அத்தை, பத்தால வகுத்துக்கறேன்’னு சொல்லி போனை வெச்சுட்டா.