எதிர்வீட்டு ஆன்ட்டியின் சனிக்கிழமைகள்

"ஸ்பெயினுக்குப் போயும் ஜூ டவுன்தானா?"

கொச்சி மட்டாஞ்சேரி படகுத்துறை வரிசையில் எனக்கு முன்னால் நின்ற மாமி இப்படிக் கேட்டதும் நான் இயர்போனைக் கழற்றிவிட்டேன். அவரும் மாமாவும் ஸ்பெயினில் இருக்கும் மகளைப் பார்க்கப் போகிறார்களாம். கோர்டோபா நகரத்தை நடந்து சுற்றிப் பார்க்க எந்த டூரில் சேருவது என்று மாமா போனில் தேடிக்கொண்டிருந்தார்.

"ரெண்டு இருக்கு. ஒண்ணு அரண்மனை, இன்னொண்ணு பழைய யூதத் தெரு, அந்த ஊர் ஜூ டவுன்."

"அரண்மனையே போறும். இங்க ஜூ டவுன்லயே ரெண்டு வருஷம் குடியிருந்தாச்சே."

"குடியிருந்து என்னத்தக் கண்டே? இதுல என்ன போட்டிருக்கான் கேளு. சனிக்கிழமை யூதாளுக்கு ஓய்வு நாளாம், விளக்கு, ஃபேன், அடுப்பு ஒண்ணும் தொட மாட்டாளாம். அடுத்தாத்துக்காராகிட்டப் போடச் சொல்லிக் கேக்கவும் கூடாதாம். ஜாடையாச் சொல்லுவாளாம், நாமதான் புரிஞ்சிண்டு போய்ப் போடணுமாம்."

மாமி போனை எட்டிப் பார்த்தார்.

"எதிர்வீட்டு ஆன்ட்டி தனியா இருந்தாளே, சனிக்கிழமையானா ஜன்னல்ல நின்னு, 'எந்தொரு சூடா மோளே'ம்பா, என்ன வெக்கைடி பொண்ணேன்னு. நானும் 'இவிடேயும் அதே ஆன்ட்டி', இங்கேயும் அப்படித்தான்னு சொல்லிட்டு, உள்ள போய் ஃபேனைப் போட்டுண்டு படுத்துப்பேன்."

"உனக்கு எப்படித் தெரியும்? விடு."

"ரெண்டு வருஷம் சொன்னாளே, ஏன்னா."

படகு வந்தது. வரிசை நகர்ந்தது.

"அப்போ அரண்மனையே போட்டுடவா?"

"வேண்டாம். யூதத் தெருவே போடுங்கோ."

"மூணு மணி நேரம் நடக்கணும். வெயில் கொளுத்துமாக்கும்."

"கொளுத்தட்டும். சூடுன்னு நான் வாயைத் தெறக்க மாட்டேன்."