எரிக்காமல் விட்ட கம்பளி

சாயங்காலம் ஐந்தரை மணி. மக்குசானி ஊருக்கு மேலே கல்லறைத் தோட்டத்துக்குப் போகிற மண்சாலை. ஆள் இல்லை, நாய் இல்லை. காற்று மட்டும் காய்ந்த புல்லை உரசிக்கொண்டு... அந்தச் சாலையில் ரொமுலோ மண்வெட்டியோடு நடந்து போனான். முன்னால் அவன் தங்கை கசிமிரா. அவள் முதுகில் மடித்துக் கட்டிய ஒரு கம்பளி.

ரொமுலோவை உங்களில் பாதிப் பேருக்குத் தெரியும். எனக்கு முன்னால் இந்த லாரியை ஓட்டியவன். பொய் சொல்ல வராத ஜென்மம், சீட்டாட்டத்தில்கூட முகமே காட்டிக்கொடுத்துவிடும். அவன் சொன்னதைத்தான் சொல்கிறேன். ரொட்டி தின்கிறவர்கள் முதலில் தின்று முடியுங்கள். பிறகு என்னைத் திட்டக் கூடாது. அந்தத் தார்ப்பாயை இழுத்து மூடு, வண்டியை நிறுத்தியும் பனி உள்ளே கொட்டுகிறது.

கசிமிராவின் புருஷன் லெயாந்த்ரோ சுரங்கத்தில் வேலை பார்த்தவன். நெஞ்சில் தூசி அடைத்து, இருமி இருமியே செத்தான். எட்டாம் நாள் வழக்கப்படி அவன் துணிமணிகளை ஆற்றில் அலசினார்கள். அலசி, எரித்தார்கள். ஒரு காலுறைகூட வீடு திரும்பக் கூடாது என்பது நம் வீட்டுக் குழந்தைக்கும் தெரியும். கசிமிராவுக்குத் தெரியாதா? தெரியும். ஆனாலும் ஒரு கம்பளியைப் பாவாடைக்குள் ஒளித்துக்கொண்டாள். அவன் வாசனை அதில்தான் மிச்சம் இருந்ததாம்.

அது மாமியார் தொமாசா நெய்தது. நாமெல்லாம் நூலை வலப்பக்கம் முறுக்குகிறோம். நோய்நொடி அண்டாமல் இருக்க ஓரத்தில் ஒரே ஒரு இழையை மட்டும் இடப்பக்கம் முறுக்கி வைப்போம். அந்தக் கிழவி மகன்மேல் இருந்த பாசத்தில் முழுக் கம்பளியையும் இடப்பக்கம் முறுக்கிய நூலால் நெய்துவிட்டாள். அவன் உயிரோடு இருந்தவரை அது வெறும் கம்பளிதான். கடைசி மூச்சு அதில் பட்ட பிறகு என்ன ஆயிற்றோ... எனக்கு விளக்கத் தெரியாது.

எரித்துவிட்டாயா என்று அதே வீட்டில் இருந்த கிழவி கேட்டாள். எரித்துவிட்டேன் என்று இவள் கூசாமல் சொன்னாள்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை அண்ணனைச் சாப்பிடக் கூப்பிட்டாள். ஆட்டுத்தலை வேகவைத்து, சூடு ஆறக் கூடாது என்று அந்தக் கம்பளியில் சுற்றி வைத்தாள். பிரித்ததும் முதலில் வந்தது வாடை. மூத்திர வாடை... நீலச் சாயம் பிடிக்கப் புளித்த மூத்திரத்தில் ஊறப்போடுகிறோமே, அதே வாடை. நேற்றுத்தான் பானையிலிருந்து எடுத்த மாதிரி. பிறகு தலை. வெந்த தலையில் ஈர ரோமம். கண் திறந்திருந்தது. தாடை சவக்... சவக்... என்று அசைபோட்டது. கழுத்துக்குக் கீழே ஒன்றும் கிடையாதே! மென்றதெல்லாம் பச்சைப் பச்சையாக, கொழகொழவென்று பாயில் விழுந்தது.

அவள் கம்பளியை உருவினாள். அந்த நொடியே தலை கறுத்தது, ஊதியது, புழுத்தது. ரொமுலோ வாசலுக்குக்கூடப் போகவில்லை, உட்கார்ந்த இடத்திலேயே வாந்தி எடுத்தான். கசிமிரா கம்பளியையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவள் முகத்தில் இருந்தது பயம் இல்லை, சந்தோஷம்.

"அண்ணே, மம்பட்டிய எடு" என்றாள்.

அப்படித்தான் கல்லறைக்குப் போனார்கள். பெட்டியைத் திறந்தபோது அடித்த நாற்றத்தை ரொமுலோ எனக்கு விவரமாகச் சொன்னான். அன்றிலிருந்து நான் பாலாடைக்கட்டியைத் தொடுவதில்லை. அவ்வளவுதான் சொல்வேன்.

பிணத்தைக் கம்பளியில் சுற்றி வீட்டுக்குக் கொண்டுவந்தார்கள். பொழுது விடியும்போது மூட்டை மூச்சு விட்டது. சாகும் முன்னால் அவன் துப்பிய கறுப்புச் சளி இருக்கிறதே... அது எங்கிருந்தோ உதட்டோரம் ஊறி வந்தது. களக்... களக்... என்று விழுங்கினான். ஒவ்வொரு விழுங்கலுக்கும் கன்னம் சிவந்தது. தூ! மெல்ல கோக்கா இலை இருந்தால் கொஞ்சம் கொடு, வாய் கசக்கிறது.

சில நாளில் ஆள் கல்யாண மாப்பிள்ளை மாதிரி ஆகிவிட்டான். போதும், எழுப்பிவிடலாம் என்று கசிமிரா கால்பக்கம் கம்பளியை விலக்கினாள். விரல்கள் கருகின. கட்டைவிரல் நகம் சதையோடு அவள் கைக்கு வந்தது. அவசரமாக மூடினாள். மூடினால் வயது குறைந்துகொண்டே போகிறான், எடுத்தால் அழுகுகிறான். இதில் எதைத் தேர்ந்தெடுப்பாள் பாவி?

மீசை உதிர்ந்தது. பிறகு தாடை சின்னதாகி, பால்பல் வந்தது. ஒரு நாள் அவனை முதுகில் கட்டிக்கொண்டு சந்தைக்கே போய்விட்டாள். பிள்ளை யாருடையது என்று பெண்கள் கேட்டால் சிரிப்பாளாம். புருஷனைத் திரும்பப் புதைத்துவிடச் சொல்லி ரொமுலோ காலில் விழாத குறையாகக் கெஞ்சினான்.

"புருஷனா இல்லாட்டி போகட்டும்ணே" என்றாள். "கையிலயாவது இருக்கட்டும்."

ஒரு காலையில் கம்பளி நனைந்து கிடந்தது. உள்ளே ஆள் இல்லை, வெறும் வழவழப்பு. அடுத்த அறையிலிருந்து கிழவி கூப்பிட்டாள்.

பல் போன கிழவி. கட்டிலில் பாவாடை நாடாவைத் தளர்த்திவிட்டு மல்லாந்திருந்தாள். வயிறு உப்பியிருந்தது. சுருங்கிய தோல் இழுபட்டு மினுமினுத்தது. அதற்குள் ஒரு முழங்கை இந்தப் பக்கத்திலிருந்து அந்தப் பக்கத்துக்கு மெல்ல நகர்ந்தது.

"எரிச்சேன்னு சொன்னியேடி" என்றாள் கிழவி. "இப்ப இவன் எனக்குத்தான்."

ரொமுலோ ஓடிவிட்டான். மனசு கேட்காமல் ஊரைவிட்டுப் போகிற அன்று மட்டும் ஒரு தடவை எட்டிப் பார்த்தான். கிழவியின் வயிறு பாதி வற்றியிருந்தது. கசிமிரா அதன்மேல் காதை அழுத்திப் படுத்திருந்தாள். இரண்டு பேரையும் சேர்த்து அந்தக் கம்பளி போர்த்தியிருந்தது. கிழவியின் நரைத்த தலையில் அடிமயிர் கறுகறுவென்று முளைத்திருந்தது.

கசிமிரா திரும்பவே இல்லை. படுத்தபடியே பேசினாள்.

"கதவச் சாத்திட்டுப் போண்ணே, குளிருது."

அது அவளுக்கு ஏழெட்டு வயதில் இருந்த குரல் என்றான் ரொமுலோ.